பெருவிரலின் விலை

சப்பாத்து என்பது போர்த்துக்கேயர் எமக்கு விட்டுச்சென்ற சொல். அதற்குள் போடுகின்ற மேசும் அவர்கள் தந்ததே. கதிரை, அலுமாரி, யன்னல், பாண் என்று அவர்கள் விட்டுப்போன சாமான்களின் பட்டியல் நீளமானது. அவற்றில் எதையும் நாம் இப்போது அந்நியமாக நினைப்பதில்லை. செருப்பு எம்மிடம் முன்பே இருந்தது. சங்கப் பாடல்களில் தொடுதோல் என்றொரு சொல்லும் உண்டு. ஆனால் காலை முழுவதுமாக மூடுகின்ற ஒன்றுக்குச் சொல் கடல் கடந்துதான் வரவேண்டியிருந்தது. சிங்களத்திலும் ஏறத்தாழ அதே சொல்தான். வளைகுடா அரபியிலோ சப்பாத்துக்கு ‘ஜூத்தி’ என்பார்கள். அது ஹிந்தியிலிருந்து போன சொல். கப்பலும் கூலியாளும் போன வழியே சொல்லும் போயிருக்கிறது.

எமது தலைமுறைக்குச் சப்பாத்து என்றால் இரண்டு ஞாபகங்கள். ஒன்று, பரிசளிப்பு விழாவுக்கு அண்ணனிடம் இரவல் வாங்கிப் போட்டுக்கொண்டு போன வெள்ளைக் கன்வஸ் சப்பாத்து. மற்றது, இரவில் ஒழுங்கையில் கேட்கும் சப்பாத்துச் சத்தம். நாய் குரைக்க முன்னரே வீட்டில் விளக்கை நூர்த்துவிடுவார்கள். ஈழத்துக் கவிதைகளில் ‘சப்பாத்துக் கால்கள்’ என்று வந்தால் அவை யாருடைய கால்கள் என்று எவரும் அடிக்குறிப்பு எழுதுவதில்லை. மூன்றாவது அர்த்தம் ஒன்றை நாம் கற்றுக்கொண்டது ஓமானின் தெற்கே, சலாலாவில். முன்னுக்கு இரும்பு வைத்து, அடியிலும் தகடு வைத்து, பாரம் இழுக்கின்ற சேஃப்ரி சப்பாத்து. அதைப் பற்றித்தான் இங்கு எழுதுகிறோம். புலம்பெயர்ந்தோரின் வரலாற்றை விசாவாலும் கடவுச்சீட்டாலும் எழுதியாயிற்று. காலால் எழுதியவர்கள் குறைவு.

சலாலா வளைகுடாவின் மற்ற ஊர்களைப் போன்றதல்ல. தோஃபார் மாகாணத்தின் தலைநகரான அவ்வூரில் தென்னை நிற்கிறது, வாழை நிற்கிறது, பப்பாசி நிற்கிறது. யூன் மாதக் கடைசியிலிருந்து செப்ரெம்பர் வரை தென்மேற்குப் பருவக்காற்று மலையில் மோதித் தூறலும் பனிமூட்டமுமாய் நிற்கும். அரபிகள் அதைக் கரீஃப் என்பார்கள். குவைத்திலிருந்தும் டுபாயிலிருந்தும் குடும்பம் குடும்பமாக மழை பார்க்க வருவார்கள். மழையைப் பார்க்க ஆட்கள் காசு கொடுத்து வருவார்கள் என்பதை நாம் அங்கேதான் முதலில் கண்டோம். தென்னையைக் கண்டதும் ஊர் வந்துவிட்டது போலிருக்கும். ஆனால் கரா மலையைத் தாண்டி வடக்கே தும்ரைத் பக்கம் போனால் பச்சை கத்தியால் வெட்டினாற்போல நின்றுவிடும். அப்புறம் பாலைவனமும் எண்ணெய்க் கிணறுகளும். ஒரே கம்பனியின் ஆட்கள் ஒரு கிழமை துறைமுக ஈரத்திலும் மறு கிழமை பாலைச் சூட்டிலும் வேலை செய்வார்கள். காலில் இருப்பது ஒரே சோடி.

தமிழருக்கு அந்தக் கரை புதிதல்ல. சலாலாவுக்குக் கிழக்கே கோர் ரோரி என்னுமிடத்தில் சும்ஹுரம் என்ற பழைய சாம்பிராணித் துறைமுகத்தை இத்தாலிய அகழ்வாய்வாளர்கள் தோண்டினார்கள். 2006இல் அங்கு ஒரு பானையோடு அகப்பட்டது. 2012இல் அதிலிருந்த தமிழ்ப் பிராமி எழுத்துகளைத் தமிழகத்து அறிஞர்கள் ‘ணந்தை கீரன்’ என்று வாசித்தார்கள். கி.பி. முதலாம் நூற்றாண்டளவினது என்பது கணிப்பு. கீரன் வணிகனோ, மாலுமியோ, வணிகனின் மூட்டை தூக்கியவனோ, ஓடு அதைச் சொல்லவில்லை. பெயர் பொறித்த பானை வைத்திருந்தவன், ஆதலால் எம்மைவிட வசதியானவனாக இருந்திருக்கலாம்.

இந்த நூற்றாண்டுக்கு அருகே வந்தால், 1965 தொடக்கம் 1975 வரை தோஃபார் மலைகளில் ஒரு போர் நடந்தது. சுல்தானுக்கு எதிராக மலைவாசிகள் போராடினார்கள். அதை அடக்கப் பிரித்தானியரும் ஈரானியரும் ஜோர்தானியரும் வந்தார்கள். அந்தப் போரின் பின் ஓமானில் சுல்தானின் விசேட படைக்குப் பயிற்சி கொடுத்த கே.எம்.எஸ். என்ற பிரித்தானியத் தனியார் நிறுவனமே எண்பதுகளின் நடுவில் இலங்கைக்கு வந்து விசேட அதிரடிப் படைக்கும் பயிற்சி கொடுத்தது. கிழக்கு மாகாணத்து ஒழுங்கைகளில் நடந்த சப்பாத்துகளுக்கும் சலாலாவுக்கும் இப்படியொரு தொடர்பிருந்ததை, அங்கே வேலைக்குப் போன காலத்தில் எம்மில் ஒருவருக்கும் தெரியாது. இதை இங்கே நிறுத்திக்கொள்வோம்; எமது விடயம் தொழிலாளியின் சப்பாத்து.

1998இல் சலாலாவின் மேற்கே ரைசூத்தில் கொள்கலன் துறைமுகம் திறக்கப்பட்டது. ஐரோப்பாவுக்கும் தூரகிழக்குக்கும் இடையே ஓடுகின்ற பெரிய கப்பல்கள் அதிகம் வழிமாறாமல் பெட்டிகளை மாற்றிக்கொண்டு போகக்கூடிய இடம் அது. அதற்கு முன்பே ரைசூத்தில் சீமெந்துத் தொழிற்சாலை இருந்தது. பின்னர் சுண்ணாம்புக்கல்லும் ஜிப்சமும் கப்பல் கப்பலாக ஏறத் தொடங்கின. வேலைக்கு ஆட்கள் மலையாளத்திலிருந்தும் வங்காளத்திலிருந்தும் பாகிஸ்தானிலிருந்தும் வந்தார்கள். தமிழர் என்றால் பெரும்பாலும் இராமநாதபுரம், நாகர்கோவில், தஞ்சைப் பக்கத்தவர்கள். அவர்களுக்கிடையில் கொழும்பு முகவரிடம் காசைக் கட்டி வந்த எம்மவர் சிலர். ஒரே அறையில் வலிகாமத்திலிருந்து இடம்பெயர்ந்தவரும், 1990 ஒக்டோபரில் யாழ்ப்பாணத்தைவிட்டு வெளியேற்றப்பட்ட முஸ்லிம் இளைஞரும் ஒரே சட்டியில் சோறு காய்ச்சினார்கள். வாசலில் எட்டுச் சோடி சப்பாத்து. எது யாருடையது என்று தெரியக் குதிக்காலில் வெள்ளைப் பெயின்ரால் தமிழிலும் மலையாளத்திலும் வங்காளத்திலும் முதலெழுத்துப் போட்டிருக்கும்.

அந்தக் கால்களில் பல, வேலைக்கு வருமுன் சப்பாத்தைக் கண்டதேயில்லை. இதற்கு வறுமை மட்டும் காரணமென்று சொல்லிவிட்டுப் போகமுடியாது. 1930 டிசம்பரில் இராமநாதபுரம் மாவட்டத்தில் ஆதிதிராவிடர்மீது கள்ளர் சாதியினர் எட்டுத் தடைகளை விதித்தார்கள். 1931ஆம் ஆண்டு இந்தியக் குடிசன மதிப்பீட்டை நடத்திய ஜே. எச். ஹட்டன் அவற்றை எழுதி வைத்திருக்கிறார். பொன் வெள்ளி அணியக்கூடாது, ஆண்கள் சட்டை போடக்கூடாது, பெண்கள் மார்பை மறைக்கக்கூடாது, மண்பாத்திரம் தவிர வேறு பாவிக்கக்கூடாது என்று போகும் அந்தப் பட்டியலின் எட்டாவது தடை: வெயிலுக்கும் மழைக்கும் குடை பிடிக்கக்கூடாது, காலில் செருப்பு அணியக்கூடாது. யாழ்ப்பாணத்தவர் இதை வாசித்துவிட்டு அக்கரைக் கதை என்று பெருமூச்சு விடவேண்டியதில்லை. தோளில் சால்வையும் காலில் செருப்பும் யாருக்கு அனுமதி என்ற கணக்கை எமது ஊர்களும் வைத்திருந்தன. எமது பெரியவர்களிற் சிலர் அதை இன்னமும் மறக்கவில்லை, மறக்கவிரும்பாதவர்களும் இருக்கிறார்கள்.

அந்தத் தடைகள் போடப்பட்ட காலத்தில் அதே மாவட்டத்தின் மண்டபம் முகாமைத் தாண்டித்தான் தமிழ்க் கூலிகள் இலங்கைத் தோட்டங்களுக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். நோய்த்தடுப்புக்காக அங்கே அவர்களை நிறுத்திவைத்து, பரிசோதித்து, பின்னரே கப்பலேற்றுவார்கள். தேயிலை மலையிலும் றப்பர் தோட்டத்திலும் அவர்கள் வெறுங்காலுடன் நடந்தார்கள். ஈர மண்ணிலிருந்து கொழுக்கிப்புழு பாதத்துத் தோலைத் துளைத்து உள்ளே போகும்; குடலில் தங்கி இரத்தத்தை உறிஞ்சும். 1916இல் அமெரிக்காவின் றொக்ஃபெல்லர் மன்றம் இலங்கைத் தோட்டங்களில் கொழுக்கிப்புழு ஒழிப்பு வேலையை ஆரம்பித்தது. மருந்து கொடுத்தார்கள், மலசலகூடம் கட்டச் சொன்னார்கள். புழு வருவது காலால் என்பது அப்போதே நன்றாகத் தெரிந்திருந்தது. ஆயினும் தொழிலாளர் வெறுங்காலுடனேயே தொடர்ந்தும் மலையேறினர். அவர்கள் வெட்டி வடித்த றப்பர் சீமையில் யாரோ ஒருவரின் சப்பாத்துக்கு அடியாகிக்கொண்டிருந்தது.

இரும்பு முனை வைத்த சப்பாத்து எப்போது வந்தது, ஏன் வந்தது என்பதுதான் இங்கே கேட்கவேண்டிய கேள்வி. தொழிலாளியின் விரல் நசிவது புதிய விடயமல்ல. சுரங்கமும் வார்ப்பாலையும் தொடங்கிய நாளிலிருந்தே நசிந்துகொண்டிருந்தது. ஐரோப்பியத் தொழிலாளர் மரக்குத்தி போன்ற கட்டைச் சப்பாத்தைப் போட்டுச் சமாளித்தார்கள். மாற்றம் வந்தது விபத்துக்கு நட்டஈடு கொடுக்கவேண்டும் என்று சட்டம் வந்தபோது. ஜேர்மனியில் 1884, பிரித்தானியாவில் 1897, இந்தியாவில் 1923, இலங்கையில் 1934. அந்தச் சட்டங்களின் பின்னால் அட்டவணை ஒன்று ஒட்டியிருக்கும். கை இத்தனை வீதம், கண் இத்தனை வீதம் என்று. இந்தியச் சட்டத்தின் அட்டவணையில் காலின் பெருவிரல் அடிமூட்டோடு போனால் உழைக்கும் ஆற்றலில் 14 வீதம் போனதாகக் கணக்கு. விரலுக்கு ஒரு விலை எழுதப்பட்டதும், விரலைவிடச் சப்பாத்து மலிவு என்று முதலாளிமாருக்குப் பட்டது. 1930களில் அமெரிக்கக் கம்பனிகள் இரும்பு முனைச் சப்பாத்துகளைச் சந்தைக்குக் கொண்டுவந்தன. இரண்டாம் உலக யுத்தத்தில் ஆயுதத் தொழிற்சாலைகளும் கப்பற் பட்டறைகளும் அதைப் பொதுவாக்கின. 1974ஆம் ஆண்டின் பிரித்தானியச் சட்டம் இன்னொன்றைச் சேர்த்தது. சட்டப்படி கொடுக்கவேண்டிய பாதுகாப்புச் சாமானுக்குத் தொழிலாளியிடம் காசு அறவிடக்கூடாது என்பது அதன் 9ஆம் பிரிவு. லண்டனில் வேலை செய்யும் எம்மவர் இந்த இலக்கத்தை ஞாபகம் வைத்திருப்பது நல்லது. களஞ்சியசாலை முகவர்கள் அதை அடிக்கடி மறந்துவிடுகிறார்கள்.

ஓமானிலும் விதி இருக்கிறது. 2008இல் மனிதவள அமைச்சு வெளியிட்ட தொழிற்பாதுகாப்பு ஒழுங்குவிதிகளின்படி பாதுகாப்புச் சாமான்களைத் தொழில் கொள்வோரே இலவசமாகக் கொடுக்கவேண்டும். கோடையில் மத்தியான வெயிலில் வெளிவேலை செய்விக்கக்கூடாது என்பதும் அதே விதிகளிலுள்ளது. ஆனால் விதி வந்தபோது, கம்பனியின் சம்மதக் கடிதம் இல்லாமல் தொழிலாளி வேறு வேலைக்கு மாறமுடியாது. அந்த நிபந்தனை 2021 சனவரியில்தான் நீக்கப்பட்டது. சப்பாத்து கடிக்கிறதென்று முறையிடுவது, ஊருக்குத் திருப்பி அனுப்பிவிடுவார்களோ என்ற பயத்தோடு செய்யவேண்டிய காரியமாக இருந்தது. நாம் வேலை செய்த ஒரு ஒப்பந்தக்காரரிடம் சப்பாத்து ஆறு மாதத்துக்கு ஒரு சோடி என்று கடதாசியில் இருந்தது. சம்பளச் சீட்டிலோ ‘சாமான்’ என்ற பெயரில் சில றியால்கள் கழிந்திருக்கும். கேட்டால் ஃபோமன் சிரிப்பார். அளவைக் கேட்டு எழுதிக்கொண்டு போவார்கள். வருவது எல்லாம் 42. சின்னக் காலுக்கு இரண்டு மேஸ், பெரிய காலுக்குத் தேங்காயெண்ணெய்.

ஒருமுறை ஸ்ரோரில் இருந்து புத்தம்புதிய பெட்டிகளைப் பிரித்துத் தந்தார்கள். மெழுகு மணம்கூடப் போகவில்லை. இரண்டாம் நாள் மத்தியானம் ஒருவரின் அடிப்பாகம் பிஸ்கற் போல உதிர்ந்து வழியில் கிடந்தது. கிழமை முடியுமுன் இன்னும் ஏழெட்டுப் பேருக்கு. கள்ளச் சாமான் என்று திட்டினார்கள். உண்மைக் காரணம் வேறு. பெரும்பாலான பாதுகாப்புச் சப்பாத்துகளின் அடி பொலியூரத்தேன் என்ற பொருளால் வார்க்கப்படுகிறது. பாரமில்லாதது, குதிக்கு மெத்தையானது, மலிவானது. ஆனால் காற்றிலுள்ள நீராவி அதனுடன் மெல்ல மெல்லத் தாக்கமுற்று அதன் கட்டமைப்பை அறுக்கும். சூடும் ஈரமும் சேர்ந்த இடத்தில் இது விரைவாக நடக்கும். அணிந்து நடந்துகொண்டிருந்தால் தாக்குப்பிடிக்கும். பெட்டிக்குள் வருடக்கணக்கில் இருந்தால்தான் மோசம். கரீஃப் மாதங்களில் சுவரெல்லாம் பூஞ்சணம் பிடிக்கும் சலாலாவில், மலிவாக வாங்கிக் குவித்த பழைய இருப்புக்கு வேறு கதி இல்லை.

ஆகவே சப்பாத்தை வாங்கும்போதோ, கையில் வாங்கும்போதோ முதலிற் பார்க்கவேண்டியது அதன் பிறந்த திகதி. அடியிலோ நாக்கிலோ அது இருக்கும். அடியில் என்றால் மணிக்கூடு போன்ற சிறு வட்டம், நடுவில் வருடம், அம்புக்குறி மாதத்தைக் காட்டும். மூன்று வருடத்துக்கு மேற்பட்டதாயின், அடியை இரண்டு கையாலும் பிடித்து வளைத்துப் பார்க்கவேண்டும்; பெருவிரல் நகத்தால் ஊன்றிப் பார்க்கவேண்டும். வெடிப்போ மாவுத்தன்மையோ தெரிந்தால் திருப்பிக் கொடுப்பதே உத்தமம். நைத்திரைல் றப்பர் அடிக்கு இந்த நோய் வராது. பாரம் கொஞ்சம் கூட, விலையும் கூட. அந்த றப்பரில் எச்.ஆர்.ஓ. என்ற எழுத்து இருந்தால் 300 பாகைச் சூட்டை ஒரு நிமிடம் தாங்கிச் சோதனை பாஸாகியிருக்கிறது என்று அர்த்தம். தும்ரைத் வீதியில் தார் போடப் போகிறவருக்கு அது வேண்டும்; துறைமுக அலுவலகத்தில் கணக்கெழுதுபவருக்கு வேண்டாம்.

எழுத்துகளைப் பற்றிச் சொல்லத்தான் வேண்டும், ஏனெனில் எம்மவர் பலர் அவற்றைக் கம்பனிப் பெயரென்றே நினைத்திருந்தார்கள். வளைகுடாவுக்கு வரும் சப்பாத்துகளிற் பெரும்பாலானவை ஐ.எஸ்.ஓ. 20345 என்ற அளவுகோலின்படி செய்யப்படுபவை. ஐரோப்பாவில் இருப்பவர்களும் இதையே காண்பார்கள். முனை 200 யூல் அடியைத் தாங்கவேண்டும். 20 கிலோ இரும்பு ஒரு மீற்றர் உயரத்திலிருந்து விழுவதற்குச் சமன். நசுக்கும் பாரமாகச் சுமார் ஒன்றரைத் தொன்னைத் தாங்கவேண்டும். எஸ்-1 என்றால் குதி மூடியது, மின்னேற்றம் தங்காதது. எஸ்-2 என்றால் மேல்தோல் தண்ணீரைச் சுலபத்தில் உள்ளே விடாது. எஸ்-3இல் அதற்கும் மேலாக ஆணி ஏறாத தகடும் பள்ளம் வெட்டிய அடியும் உண்டு. சலாலாத் துறைமுகத்துக்கும் கட்டட வேலைக்கும் எஸ்-3க்குக் கீழே வாங்குவதில் பிரயோசனமில்லை. உலர்ந்த பாலைச் சூட்டில் எஸ்-1பி போதும். அதிலும் ஆணித்தகடு உண்டு. கால் கொஞ்சம் மூச்சுவிடும். வழுக்காமைக்கு முன்னர் எஸ்.ஆர்.சி. என்று இருந்தது, 2022 திருத்தத்தின் பின் எஸ்.ஆர். என்று வருகிறது. கனடாவில் இருப்பவர்கள் பச்சை முக்கோணத்தைத் தேடவேண்டும். முதல் தர முனையும் ஆணி ஏறாத அடியும் என்பதற்கு அங்குள்ள அடையாளம் அது. ரொறன்ரோவில் பஸ்ஸில் ஏறுகின்ற தமிழனின் கணுக்காலைப் பார்த்தே அவன் எங்கே வேலைக்குப் போகிறானென்று சொல்லிவிடலாம்.

200 யூல் என்பது எவ்வளவு? கப்பலில் பெட்டிகளை ஒன்றோடொன்று பூட்டுகின்ற இரும்புப் பூட்டு ஐந்தாறு கிலோ வரும். ஒரு பெட்டி உயரத்திலிருந்து, அதாவது 2.6 மீற்றரிலிருந்து, ஆறு கிலோப் பூட்டு விழுந்தால் ஏறக்குறைய 150 யூல். விரல் தப்பும். மூன்று பெட்டி உயரத்திலிருந்து விழுந்தால் 450க்கு மேல். அதற்கு எந்தச் சப்பாத்தும் பொறுப்பெடுக்காது. மேலே ஆள் வேலை செய்யும்போது கீழே நிற்காமல் விடுவதே வழி. இரும்பு முனை மடிந்து விரலைத் துண்டாக வெட்டிவிடும் என்றொரு கதை எல்லா முகாம்களிலும் உலவுகிறது. அதை நம்பிச் சாதாரணச் சப்பாத்தோடு போனவர்களை நாம் கண்டிருக்கிறோம். இரும்பையே மடிக்கின்ற பாரம் வெறும் விரலில் விழுந்தால் பிறகு வெட்டுவதற்கு அங்கே ஒன்றும் மிஞ்சாது. இரும்பு சுடும் என்பது மட்டும் மெய். வெயில் இடங்களில் கலவைப் பொருளால் செய்த முனை நல்லது. சூட்டைக் கடத்தாது, பாரமும் குறைவு.

இனி அளவு. இதில்தான் எமது கால்களுக்கு ஒரு தனி வரலாறு உண்டு. சிறுவயதில் சப்பாத்துப் போடாமல் வளர்ந்த கால் முன்பக்கம் விரிந்திருக்கும். இது வெறும் பேச்சல்ல. ராவ், ஜோசப் என்ற இரு இந்திய மருத்துவர்கள் 2,300 பிள்ளைகளின் கால்களை ஆராய்ந்து 1992இல் வெளியிட்டார்கள். தட்டைப்பாதம் சப்பாத்துப் போட்ட பிள்ளைகளில் 8.6 வீதம், போடாதவர்களில் 2.8 வீதம். 2009இல் வெளிவந்த இன்னோர் ஆய்வு, வெறுங்காலுடன் வாழ்ந்த தென்னிந்தியரின் பாதம் அகலமானது என்றும், நடக்கும்போது பாரத்தைப் பாதம் முழுவதும் சீராகப் பகிர்கிறது என்றும் கண்டது. எட்டாவது தடையைச் சுமந்தவர்களின் பேரப்பிள்ளைகளுக்கு நல்ல பாதம் வாய்த்திருக்கிறது என்று சொல்லலாம். தடை போட்டவர்களுக்கு அதில் ஒரு புண்ணியமும் இல்லை. சிக்கல் என்னவென்றால், சப்பாத்து வார்க்கும் அச்சு பெரும்பாலும் ஒடுங்கிய ஐரோப்பியக் காலைப் பார்த்துச் செதுக்கியது. அகலம் போதாமல் நீளத்தைக் கூட்டி வாங்குவார்கள் எம்மவர்கள். அப்போது சப்பாத்து மடிகிற இடமும் கால் மடிகிற இடமும் பொருந்தாது. இரும்பின் பின்விளிம்பு விரல் மூட்டில் வெட்டும். தோல் நாளடைவில் விரிந்து கொடுக்கும், இரும்பு ஒருநாளும் கொடுக்காது. ‘போடப் போடச் சரிவரும்’ என்று கடைக்காரர் சொல்வதைக் கேட்கவே கூடாது.

பின்னேரம் வேலை முடிந்து கால் வீங்கியிருக்கும் நேரத்தில், வேலைக்குப் போடுகிற தடித்த மேசோடு போய் அளவு பார்க்கவேண்டும். இங்கிலாந்து 7 என்பது ஐரோப்பாவின் 41 அளவில் வரும். ஆனாலும் இலக்கத்தை நம்பாமல் இரண்டு காலையும் போட்டு, நுனிக்காலில் குந்தி எழும்பி, படியில் இறங்கிப் பார்க்கவேண்டும். இறங்கும்போது விரல் முனையில் இடித்தால் சிறியது. ஏறும்போது குதி கழன்றால் பெரியது. அகலமான அச்சு உள்ளதா என்று கேட்டால் சலாலாவில் உள்ள மலையாளிக் கடைகளில் பரணிலிருந்து எடுத்துத் தருவார்கள். கேட்காவிட்டால் தரமாட்டார்கள். தோலைப் பெருவிரலால் அழுத்தினால் மெல்லிய சுருக்கம் விழவேண்டும். விழாமல் வழவழவென்று நின்றால், பிளந்த தோலின் மேல் பிளாஸ்ரிக் பூசியது. மூன்று மாதத்தில் மடிப்பில் வெடிக்கும், சீமெந்துத் தண்ணீர் உள்ளே போகும். ஈரச் சீமெந்து காலைச் சுட்டுவிடும் என்பது, சுட்ட பிறகுதான் பலருக்குத் தெரிகிறது.

கயிறு கட்டும் சப்பாத்து கணுக்காலுக்கு நல்லது. ஆனால் ஐந்து நேரமும் தொழுகிறவர்கள் கழற்றிப் போடவேண்டும். சாமி கும்பிடுகிறவர்களும் வாசலில் கழற்றத்தான் வேண்டும். நாளுக்குப் பத்துத் தடவை அவிழ்த்துக் கட்ட யாருக்கு நேரம்? குதிப் பக்கத்தை மிதித்துச் செருப்பாக்கிக் கொள்வார்கள். அதோடு அதன் ஆயுள் முடிந்தது. அப்படியானவர்களுக்குப் பக்கத்தில் சிப் வைத்ததோ, இழுத்துப் போடும் உயர்ந்த சப்பாத்தோ பொருந்தும். முடியுமானால் இரண்டு சோடி வைத்து மாறி மாறிப் போடவேண்டும். கரீஃபில் ஒரு நாளில் சப்பாத்து காயாது. ஈரத்தில் காலை வைத்தால் விரலிடையில் சேற்றுப்புண் வரும். பழைய பேப்பரைக் கசக்கி உள்ளே திணித்து நிழலில் வைத்தால் விடிய உலர்ந்திருக்கும். ஊரிலிருந்து யாராவது சாமான் சுற்றிக் கொண்டுவந்த தமிழ்ப் பத்திரிகை இப்படித்தான் கடைசியாகப் பயன்படும், ஒருமுறை வாசித்த பிறகு. நீரிழிவு உள்ளவர்கள் இரவில் பாதத்தைக் கையால் தடவிப் பார்க்கவேண்டும். உணர்ச்சி குறைந்த காலில் சப்பாத்துக் கடித்தது தெரியாமலே புண் பெருத்துவிடும்.

அந்தத் தோல் எங்கிருந்து வருகிறது என்றும் ஒரு வார்த்தை. வேலூர்ப் பக்கத்து ஆம்பூர், வாணியம்பாடி, இராணிப்பேட்டை ஊர்கள் இந்தியாவின் தோல் பதனிடும் மையங்களில் முக்கியமானவை. பாதுகாப்புச் சப்பாத்துகளின் மேற்பாகங்கள் அங்கே தைத்து ஏற்றுமதியாகின்றன. குரோமியம் கொண்டு பதனிட்ட கழிவு பாலாற்றையும் கிணறுகளையும் கெடுத்தது. 1996இல் இந்திய உச்ச நீதிமன்றம் அந்தத் தோல் ஆலைகளுக்கு எதிராகக் கொடுத்த தீர்ப்பு, கெடுத்தவனே ஈடு கொடுக்கவேண்டும் என்ற கோட்பாட்டுக்காக இன்றும் எடுத்துக்காட்டப்படுகிறது. 2015 சனவரி 31ஆம் திகதி அதிகாலை இராணிப்பேட்டையில் தோல் ஆலைகளின் கழிவைச் சுத்திகரிக்கும் நிலையத்தில் தொட்டிச் சுவர் இடிந்து, சேறு பாய்ந்து, பக்கத்தில் நித்திரையாயிருந்த 10 பேர் மாண்டார்கள். அவர்களிற் பெரும்பாலோர் மேற்கு வங்காளத்திலிருந்து கூலிக்கு வந்தவர்கள். எமது பெருவிரலைக் காக்கும் தோலைப் பதனிட்ட ஊரில் இன்னொரு நாட்டுப்புறத்தான் வந்து படுத்திருந்தான்.

2018 மே 25ஆம் திகதி இரவு மெக்கூனு புயல் சலாலாவுக்கு அருகே கரையேறியது. துறைமுகம் மூடப்பட்டது, வீதிகள் ஆறாகின. அங்கே இருந்த நண்பர்கள் பிறகு சொன்னார்கள்: தாழ்ந்த முகாம்களில் தண்ணீர் ஏறியபோது ஆட்கள் கடவுச்சீட்டுப் பிரதியையும் போனையும் அடுத்ததாகச் சப்பாத்தையும் எடுத்துக்கொண்டு மேலே ஏறினார்களாம். வெள்ளம் வடிந்ததும் சேற்றையும் தகரத்தையும் ஆணி குத்திய பலகைகளையும் அள்ளும் வேலை இருந்தது. சப்பாத்து உள்ளவர்கள் அன்றே வேலைக்குக் கூப்பிடப்பட்டார்கள்.

ஊருக்குப் போகிறவர்கள் தேய்ந்த சப்பாத்தை எறிந்துவிட்டுப் போவதில்லை. பெட்டியின் அடியில் தொலைக்காட்சிக்கும் போர்வைக்கும் கீழே வைத்துக் கட்டுவார்கள். வன்னியில் வயலுக்குத் தண்ணீர் கட்டப் போகும் தகப்பன்மார் கயிறு கட்டாமல் அதைக் கொழுவிக்கொண்டு வரம்பில் நடப்பதைப் பார்த்தவர்கள் உண்டு. காட்டோரம் விறகு கொத்தவும் அது உதவுகிறது. முனைத் தோல் கிழிந்து இரும்பு வெளியே வந்ததும் ஒரு மாரி மழைக்குள் அது செங்கறள் பிடித்துவிடும். அப்போது கத்தியால் மேல்தோலை வெட்டியெடுத்துப் படலைக்குப் பிணைச்சலாக ஆணி அடித்துக்கொள்கிறார்கள்.